சூசை வாத்தியாரின் வாயசைப்பு

பெர்சியின் குரலைக் கேட்காதவர் மதுரையில் இருக்க முடியாது. ஆட்டோவில் குழாய் ஸ்பீக்கர் கட்டி ஆடித் தள்ளுபடி சொல்லிக்கொண்டு போகிறதே, அது அவன் குரல். அலங்காநல்லூர் பக்கத்து ஊர்களில் வாடிவாசல் திறந்ததும் மைக்கைப் பிடித்து மாட்டையும் மாடு பிடிக்கிறவனையும் ஒரே மூச்சில் உசுப்பேற்றுவதும் அவன்தான். காதுகுத்தானாலும் கண்ணீர் அஞ்சலியானாலும் பெர்சி வந்து நாலு வரி பேசிவிட்டுப் போனால்தான் விளம்பரம் விளம்பரமாக இருக்கும் என்பார்கள்.

ஊரே கேட்ட அந்தக் குரலைக் கேட்காத ஒரே ஆள் அவன் மனைவி ஷெரின். அவளுக்குப் பிறவியிலேயே காது கேட்காது.

அதற்காக அவள் ஏங்கிக்கொண்டு உட்கார்ந்திருந்தாள் என்று நினைத்துவிடக் கூடாது. காது கேளாத பிள்ளைகள் படிக்கும் பள்ளியில் அவள் ஓவிய டீச்சர். எதிரில் நிற்பவரின் உதட்டைப் பார்த்தே பாதிக்கு மேல் படித்துவிடுவாள், மீதியை ஊகித்துவிடுவாள். தேவைப்பட்டால் வாயாலும் தட்டுத்தடுமாறிப் பேசுவாள். திருநகர் வீட்டுக்குப் பின்னால் கல்யாண மண்டபம் வந்தபோது தெருவே தூக்கமில்லாமல் தவிக்க, அவள் மட்டும் குறட்டை விட்டுத் தூங்கினாள். அந்தக் குறட்டையைப் பற்றி பெர்சி சொல்லித்தான் அவளுக்கே தெரியும். ஒரே ஒரு விஷயத்தில்தான் அவளுக்குக் கொஞ்சம் ஆசை இருந்தது. பெர்சி பேசும்போது அவன் நெஞ்சில் கையை வைப்பாள். உள்ளங்கை கூசும். இம்புட்டுப் பேர் மயங்குகிறார்களே, அது என்னதான் என்று அப்போது மட்டும் தோன்றும்.

மாசி வெயில் ஏறிய ஒரு முற்பகலில் இருவரும் பைக்கில் சோழவந்தானுக்குப் போனார்கள். மேலக்காலைத் தாண்டியதும் காற்றில் ஈரம் வந்தது. அகத்தி மரங்களுக்கு நடுவே வெற்றிலைக் கொடிக்கால்கள். அந்தக் கொடிக்கால்களுக்குள் முதுகைத் திருப்பிக்கொண்டு நின்றது லூர்துராஜின் வீடு. உயரமான காரைச் சுவர்; ஜன்னல்கள் எல்லாம் சாத்தியிருந்தன. உள்ளே நுழைந்ததும் அழுகிய வெற்றிலை வாடையும் வினிகர் போன்ற ஒரு புளிப்பும் சேர்ந்து மூக்கில் ஏறியது.

லூர்துராஜ் ரிட்டயர்டு கிளார்க். எண்பதை நெருங்கும் வயது. வாட்ஸாப்பில்தான் பெர்சியைப் பிடித்திருந்தார். ஷெரினுக்கு அவரைப் பார்த்ததுமே பிடித்துப்போயிற்று. ஒவ்வொரு சொல்லையும் உதட்டில் அழகாகச் செதுக்கிப் பேசினார். சில பேர் மீசைக்குள்ளேயே பேசித் தொலைப்பார்கள்; இவர் அப்படியில்லை.

"எங்க பெரியப்பா சூசைநாதன்," என்று சுவரில் இருந்த படத்தைக் காட்டினார். "பேசாத படத்துல ஹீரோ. இன்னிக்கு இந்த ஊருலயே ஒருத்தனுக்கும் தெரியாது."

சூசைநாதன் மிஷன் பள்ளிக்கூடத்து வாத்தியார். அழகன். யாரோ சொல்லி மெட்ராஸுக்குப் போய் ஊமைப் படங்களில் நடித்தார். இளவரசனாக, கொள்ளைக்காரனாக, மந்திரி மகனாக. சோழவந்தானிலிருந்து வண்டி கட்டிக்கொண்டு போய் மதுரையில் பார்த்துவிட்டு வருவார்களாம். பிறகு பேசும் படம் வந்தது. மைக்குக்கு முன்னால் நிறுத்திப் பேசச் சொன்னார்கள். அம்புட்டுப் பெரிய உடம்பிலிருந்து கீச்சென்று ஒரு குரல் வந்தது. விளக்குப் பிடிக்கிறவன் முதல் முதலாளி வரை சிரித்தார்கள். அன்றைக்கு ஊருக்கு ரயிலேறிய மனுஷன் சாகிற வரை வாயிலிருந்து ஒரு சத்தம் எழுப்பவில்லை.

"மறுபடியும் அதே பள்ளிக்கூடத்துல வேலை. நான் ஆறாப்பு அவருகிட்டதான் படிச்சேன். அட்டெண்டன்ஸ் எடுக்கும்போது ஒதட்ட மட்டும்தான் அசைப்பாரு. அதப் பாத்து நாங்க எந்திரிச்சு உள்ளேன் ஐயாம்போம். பாக்காம விட்டா அன்னிக்குப் பெரம்புதான்."

அவர் நடித்ததில் மிஞ்சியது ஒரே ஒரு துண்டுப் படம். அதை சென்னையில் கொடுத்துக் கம்ப்யூட்டருக்கு மாற்றி வைத்திருந்தார் லூர்துராஜ். சூசையப்பர் திருநாளன்று சர்ச் பங்கு மண்டபத்தில் போட வேண்டும். பேசாத படத்தை இந்தக் காலத்துப் பிள்ளைகள் உட்கார்ந்து பார்க்காது. அதனால் குரல் கொடுக்க வேண்டும். அதற்குத்தான் பெர்சி.

கூடத்து ஜன்னல்களுக்கு மேல் பெட்ஷீட்டும் தொங்கவிட்டுச் சுவரில் படத்தை ஓடவிட்டார்கள். வெளியே கொளுத்தும் வெயில். உள்ளே கையை நீட்டினால் கை தெரியவில்லை.

சுவரில் மழை பெய்வது போலக் கோடுகள். அரச சபை. சங்கிலியால் கட்டப்பட்ட மந்திரி மகன். சூசைநாதனின் கண்ணில் மை, கன்னத்தில் கண்ணீர். தலையை நிமிர்த்தி ராஜாவிடம் என்னவோ முழங்குகிறார். அடுத்து எழுத்து வருகிறது: 'மன்னா! நான் குற்றமற்றவன்! என் தாய்நாட்டின் மீது ஆணை!'

ஷெரினுக்குச் சிரிப்புத் தாங்கவில்லை. பெர்சியின் தொடையில் தட்டி, கையால் சொன்னாள். கைப்பேச்சில் நீயும் இல்லை நீங்களும் இல்லை, அதனால் புருஷனை எப்படி வேண்டுமானாலும் பேசிக்கொள்ளலாம்.

"அந்த ஆள் வசனமே பேசல. பேர் சொல்றார். இன்னாசி, ஆரோக்கியம், சவேரி, சந்தியாகு... வரிசையா!"

பெர்சி அதை லூர்துராஜிடம் சொன்னான். 

"அட்டெண்டன்ஸ்தான்," என்றார் அவர். "சத்தமில்லாத படத்துக்கு எதையாவது சொல்லி வாய அசைச்சாப் போதும்ல. மனப்பாடமா இருந்ததச் சொல்லியிருக்காரு."

யாராயிருந்தாலும் சிரித்துவிட்டு, எழுத்தில் உள்ள வசனத்தை எழுதிக்கொண்டு வாயசைப்புக்கு ஒட்டிவிட்டுப் போயிருப்பார்கள். பெர்சி தொழிலில் கிறுக்கன். உதடு ஒன்று சொல்ல குரல் ஒன்று சொன்னால் அவனுக்குச் சோறு இறங்காது.

"அவரு உண்மையிலயே சொன்னதயே சொல்லிப் பாப்பம் சார்," என்றான். "நல்லாருக்கும். அழுதுக்கிட்டே பிள்ளைக பேரக் கூப்புடுறாரு, யோசிச்சுப் பாருங்க!"

மைக்கை மாட்டினான். ஷெரின் சுவரைப் பார்த்தபடி ஒவ்வொரு பெயரையும் விரலால் எழுத்துக்கூட்டிக் காட்ட வேண்டும். அவன் அவள் கையைப் பார்த்துச் சொல்ல வேண்டும். அவள் கண், அவன் தொண்டை. முதல் ஓட்டத்தில் கொஞ்சம் தடுமாறினார்கள். மறுபடி ஓடவிட்டார்கள். இப்போது அச்சாக ஒட்டியது. லூர்துராஜ் இரண்டு கையாலும் முகத்தைப் பொத்திக்கொண்டார்.

"ஒரு தடவ போட்டுரலாம், கடைசியா," என்றான் பெர்சி.

இன்னாசி. ஆரோக்கியம். சவேரி. சந்தியாகு. ஷெரினின் விரல்கள் அவள் யோசிக்காமலேயே ஓடின. ராஜா கையை உயர்த்தினார். சூசைநாதன் ராஜாவைப் பார்க்கவில்லை.

இதற்கு முன் ராஜாவைத்தான் பார்த்தார்.

மையிட்ட கண்கள் கேமராவைத் தாண்டி, கூடத்துக்குள், நேராக வந்து நின்றன. உதடு அசைந்தது. ஷெரினின் விரல்கள் அதையும் எழுதின. எழுதி முடித்த பிறகுதான் என்ன எழுதினோம் என்று அவளுக்குப் புரிந்தது.

பெர்சி.

அவன் அவளைப் பார்த்துச் சிரித்தான். விளையாடுகிறாள் என்று நினைத்துவிட்டான். அவனும் மிஷன் பள்ளிக்கூடத்துப் பையன்தானே. நெஞ்சை நிமிர்த்தி, விரைப்பாக நின்று, மைக்கில் சொன்னான்.

"உள்ளேன் ஐயா!"

சுவரில் சூசைநாதன் வாயை மூடினார். படம் முடிந்து வெள்ளை வெளிச்சம் வந்தது.

பெர்சி அவளிடம் ஏதோ கேட்டான். "என்னடி நக்கலா?" என்று உதட்டில் படித்து, இல்லையென்று தலையாட்டினாள் அவள். அவன் நின்றுவிட்டான். மறுபடி வாயைத் திறந்தான். தொண்டையைத் தொட்டுப் பார்த்தான். அவன் எதற்கு இப்படி முழிக்கிறான் என்று அவளுக்கு விளங்கவில்லை. பேசிக்கொண்டுதானே இருக்கிறான், அதே உதடு, அதே பேச்சு.

அவன் அவள் கையை இழுத்துத் தன் நெஞ்சில் வைத்துக்கொண்டு, வாயைப் பிளந்து கத்தினான்.

உள்ளங்கை கூசவில்லை.

*

மதுரையில் பார்க்காத டாக்டர் இல்லை. தொண்டைக்குள் கேமராவை விட்டுப் பார்த்தார்கள். எல்லாம் சுத்தமாக இருக்கிறது, குரல் நாண் அருமையாக அசைகிறது, மனசை லேசாக வைத்துக்கொள்ளுங்கள் என்றார்கள். ஜல்லிக்கட்டுக் கமிட்டிக்காரர்கள் வந்து பார்த்து உச்சுக்கொட்டிவிட்டு வேறு ஆள் தேடப் போனார்கள். வீட்டு வாசல் வழியே அவன் பழைய விளம்பரம் ஆட்டோவில் போனால் பெர்சி எழுந்துபோய்க் கதவைச் சாத்திக்கொள்வான்.

ஷெரினைக் குத்தியது வேறு. ஊருக்கெல்லாம் அவன் ஊமையாகிவிட்டான். அவளுக்கு மட்டும் அவன் மாறவேயில்லை. சாப்பிடும்போது பேசினான், அவள் படித்தாள். ஒருநாள் அவள் ஏதோ சமாதானம் சொல்லப்போக, அவன் தட்டைத் தள்ளிவிட்டு எழுந்தான்.

"ஒனக்கென்ன? ஒனக்கு எப்பவும் இதானே!"

சொன்ன பிறகு அவன் முகம் சுருங்கிப்போயிற்று. அவன் தள்ளிய தட்டை எடுத்துக் கழுவப் போனாள் அவள். அவன் பெயரை எழுதியது அவள் விரல்தானே. அதை நினைத்துத்தான் பல நாள் அவளுக்குச் சோறு இறங்கவில்லை.

பிறகு ஒருநாள் பெர்சி தானாகவே சொன்னான். "அந்தக் கெழவரு, லூர்துராஜ். அவருக்கும் கொரல் கெடையாது ஷெரின். வெறும் காத்துதான் வந்துச்சு. தொண்டையில ஏதோ சீக்குன்னு நெனச்சுக்கிட்டேன்."

ஷெரின் அவர் உதடுகளை நினைத்துப் பார்த்தாள். அவ்வளவு தெளிவாகப் பேசினாரே!

மறுநாள் மதியம் பள்ளிக்கு லீவு சொல்லிவிட்டு, பெர்சியிடம் சொல்லாமல், அவள் மட்டும் சோழவந்தானுக்குப் பஸ் ஏறினாள்.

லூர்துராஜ் கதவைத் திறந்ததும் அவள் அவர் கழுத்தில் கையை வைத்தாள். "பேசுங்க," என்றாள். அவர் விலகவில்லை. "வா மகளே," என்று உதடு சொன்னது. கைக்கு ஒன்றும் வரவில்லை. கோழிக் கழுத்து போலச் சுருங்கிய தோல், அவ்வளவுதான்.

"நீங்களும் எந்திரிச்சு நின்னீங்களா?"

அவர் கண் கலங்கியது. "சென்னையிலருந்து படம் வந்த அன்னிக்கு நான் மட்டுந்தான் இருந்தேன். என் பேரச் சொன்னாரு. எம்புட்டு வருஷப் பழக்கம்... வாத்தியாரு கூப்புட்டா எந்திரிக்காம இருக்க முடியுமா? ஆனா என் கெழட்டுக் கொரலு அவருக்குப் பத்தல. நல்ல கொரலா ஒண்ணக் கொண்டாந்தா எனக்குள்ளதத் திருப்பிக் குடுத்துருவாருன்னு..."

"குடுத்தாரா?"

அவர் தலையைக் குனிந்துகொண்டார். ஓங்கி ஒன்று வைக்கலாமா என்று ஷெரினுக்கு இருந்தது. அழுகிற கிழவரை எப்படி அடிப்பது? "படத்தப் போடுங்க," என்றாள்.

"வேணாம் மகளே."

"அவரு கூப்பிட்டா எனக்குக் கேக்காது. என்னை ஒண்ணும் பண்ண முடியாது. போடுங்க."

நியாயமாகத்தான் பட்டது, அவளுக்கும் அவருக்கும்.

லூர்துராஜ் படத்தை ஓடவிட்டு வெளியே போய்க் கதவைச் சாத்தினார். இருட்டு. அந்தப் புளிப்பு வாடை இப்போது மூச்சை அடைத்தது. தரையில் செருப்பில்லாத காலுக்குள் ஏதோ ஓர் அதிர்வு ஏறியது. புரொஜெக்டரிலிருந்து வந்ததாக இருக்காது; அதன் மேஜை தூரத்தில் இருந்தது. சுவரில் கோடுகள் பெய்தன. சபை வந்தது. ராஜா வந்தார். சங்கிலியோடு சூசைநாதன் வந்து நின்றார்.

அவர் யார் பெயரையும் கூப்பிடவில்லை. அவளைப் பார்த்துக்கொண்டு நின்றார்.

ஷெரின் எழுந்து சுவருக்குக் கிட்டே போனாள். அவரிடம் பேசுவதற்குச் சத்தம் எதற்கு? உதட்டை மட்டும் அசைத்தாள்.

"என் புருஷன் கொரலைக் குடுங்க."

ராஜாவும் சேவகர்களும் நடித்தபடியே இருந்தார்கள். சூசைநாதன் மட்டும் மெல்லத் தலையைச் சாய்த்தார். உதடு அசைந்தது. ஒரு வாத்தியாருக்குரிய நிதானம் அதில் இருந்தது.

"எதுக்கும்மா? ஒனக்குத்தான் கேக்காதே."

"அவருக்கு வேணும். அதுதான் அவரு உசுரு."

"எனக்கும் அப்படித்தான்."

  சிரித்தார்களே அந்த ஸ்டூடியோவில், அத்தனை பேரும், என்று ஒரு கணம் அவளுக்கே பரிதாபமாக இருந்தது.

"குடுத்துர்றேன்," என்றார் அவர். "குடுங்கன்னு இன்னொரு வாட்டி கேளு, கொண்டுபோயிரலாம். அதுக்கு முன்ன, இம்புட்டுத் தூரம் வந்தியே, எதுக்காக வந்தியோ அதக் காதால ஒருக்கா கேட்டுட்டுப் போ."

அவர் வாயைத் திறந்தார்.

முதலில் யாரோ பின்னந்தலையைத் தொட்டதாக நினைத்துத் தட்டிவிட்டாள். யாரும் இல்லை. அது மறுபடி வந்தது. தொடாமலே தொட்டது. தலைக்குள் எங்கேயோ ஒரு மூலையில், இருப்பதே தெரியாமல் இருந்த ஓர் அறைக்குள், வெதுவெதுப்பாக எதுவோ நுழைந்து நின்றது. ஷெரின் சுவரைப் பிடித்துக்கொண்டாள். வலியா, காய்ச்சலா, சாவா என்று தெரியவில்லை. அது நின்று நின்று வந்த விதத்தை மட்டும் அவள் உள்ளங்கை அறிந்திருந்தது. கல்யாணமான நாளிலிருந்து அந்த நெஞ்சின் மேல் வைத்துப் பழகிய கை அது.

பெர்சி.

இதுதான் பெர்சி. இதைத்தான் எல்லோரும் கேட்டுக்கொண்டிருந்தார்கள்.

சுவரில் சூசைநாதனின் உதடு 'ஷெரின்' என்று அசைய, அந்தக் குரல் அவள் பெயரைச் சொன்னது. தன் பெயருக்கு இப்படி ஓர் உருவம் உண்டு என்று அவளுக்கு யாரும் சொன்னதில்லை. சொல்லியிருக்கவும் முடியாது. அவள் தேம்பித் தேம்பி அழுதாள். தன் அழுகையும் சத்தமாக வரும் என்று எதிர்பார்த்தாள். வரவில்லை. அந்த ஒரே குரலைத் தவிர உலகம் எப்போதும் போல அமைதியாகவே இருந்தது.

"கேளு," என்றது அந்த உதடு. "குடுங்கன்னு சொல்லு. கொண்டுபோயிட்டின்னா அப்புறம் ஒனக்கு இது கேக்காது, அம்புட்டுத்தான்."

வீட்டில் கதவைச் சாத்திக்கொண்டு உட்கார்ந்திருக்கும் பெர்சியை அவள் நினைத்தாள். நினைக்கவில்லை என்று யாரும் பழி சொல்ல முடியாது. அவள் கையைத் தன் நெஞ்சில் வைத்துக்கொண்டு அவன் கத்தியதை நினைத்தாள். குடுங்க என்ற சொல் உதடு வரைக்கும் வந்தது.

"இன்னொரு தடவ கூப்பிடுங்க," என்றாள் ஷெரின்.

*

பஸ்ஸில் வரும்போதே பொய்யைத் தயார் செய்துகொண்டாள். நாளைக்கே திரும்பப் போய் வாங்கிவிடலாம், ஒரே ஒரு நாள்தானே என்று தனக்கும் ஒரு பொய் சொல்லிக்கொண்டாள்.

திருநகர் வீட்டில் சாயங்கால வெளிச்சம் சமையல்கட்டு வரை வந்து கிடந்தது. பெர்சி அவளுக்காகக் காபி போட்டுக்கொண்டிருந்தான். சட்டையெல்லாம் வியர்வை. அவளைப் பார்த்ததும் அடுப்பை அணைத்துவிட்டுத் திரும்பினான்.

"சோழவந்தானுக்குத்தான போன? எனக்குத் தெரியும்," என்றான். உதட்டிலேயே ஆவல் துடித்தது. "என்னாச்சு?"

"மாட்டேன்னுட்டாரு," என்றாள் அவள்.

அவன் தலையை ஆட்டிக்கொண்டான். பிறகு கிட்டே வந்து அவள் தலையைத் தடவிக்கொடுத்தான். "போகட்டும். எனக்காக அம்புட்டுத் தூரம் தனியாப் போயிருக்க. அன்னிக்கு நான் அப்படிப் பேசியிருக்கக் கூடாது." அவள் அவன் முகத்தைப் பார்க்க முடியாமல் தம்ளரைப் பார்த்தாள். சொல்லிவிடலாம். இப்போதே சொல்லிவிட்டு, கடைசி பஸ்ஸைப் பிடித்துப் போய், வாங்கிக்கொண்டு வந்துவிடலாம். அவள் நிமிர்ந்தாள்.

பெர்சி அவளைப் பார்க்கவில்லை. அவளுக்குப் பின்னால், யாருமில்லாத படுக்கையறையின் வாசலைப் பார்த்துக்கொண்டிருந்தான். முகத்தில் ரத்தமே இல்லை. உதடுகள் இறுக மூடியிருந்தன.

அந்த வெதுவெதுப்பு மறுபடியும் வந்தது. அவன் குரல் முதுகுக்குப் பின்னாலிருந்து, அன்பாக, அவள் பெயரைக் கூப்பிட்டது.

ஷெரின் சட்டென்று திரும்பிப் பார்த்தாள்.

அறையில் யாரும் இல்லை. மெல்ல அவள் பெர்சியின் பக்கம் முகத்தைத் திருப்பினாள். அவன் இப்போது வாசலைப் பார்க்கவில்லை. சத்தம் கேட்டுத் திரும்பிய தன் மனைவியைத்தான் பார்த்துக்கொண்டிருந்தான்.